பூனை நேராக நடக்காது

அன்புள்ள மகளுக்கு,

நலமா என்று கேட்டுத்தான் கடிதத்தைத் தொடங்க வேண்டும். இந்த முறை அந்தக் கேள்வியைக் கடைசிக்கு வைத்துக்கொள்கிறேன். முதலில் ஒரு காரியம் செய். இதைக் கொண்டுவந்து கொடுத்தவரை நீ வேலை செய்கிற லேப் வாசலிலேயே இருக்கச் சொல்லிவிட்டு, நீ மட்டும் தனியாக உட்கார்ந்து படி. வாய்விட்டுப் படிக்காதே. வீட்டுக்குப் போய்ப் படித்துக்கொள்ளலாம் என்றும் நினைக்காதே.

நான் சொல்லச் சொல்ல எழுதுவது எங்கள் தெருமுனை மருந்துக்கடைப் பெண். ஷட்டரைப் பாதி இறக்கிவிட்டு, மருந்து அட்டைப்பெட்டி மேல் தாளை வைத்து எழுதுகிறாள். நான் ஓடுகிறேனாம், "தாத்தா, கொஞ்சம் மூச்சு விட்டுட்டுச் சொல்லுங்க, என் கை என்ன மிஷினா?" என்கிறாள். வெளியே ஒரு வார்த்தை விட மாட்டாள். ஊரில் யார் யாருக்கு என்னென்ன வியாதி என்று தெரிந்தும் வாயை மூடிக்கொண்டிருப்பவள்.

போன் இருக்கும்போது ஏன் இந்தக் கடிதம் என்று உனக்குக் கோபம் வரும். நேற்று நீ பேசி வைத்த பிறகு நான் திரும்பக் கூப்பிட்டேன், நினைவிருக்கிறதா? நீ போனை ஸ்பீக்கரில் போட்டு மேடையில் வைத்துவிட்டு, பாத்திரம் தேய்த்துக்கொண்டே, "சத்தமா சொல்லுப்பா, ஒண்ணும் விழல" என்றாய். மாப்பிள்ளை அந்தப் பக்கமிருந்து, "மாமா இன்னிக்கு எத்தனை பேரைச் சுட்டாராம், கேளு" என்று சிரித்தார். நான் போனை வைத்துவிட்டேன். ஸ்பீக்கரில் நான் இனிப் பேச மாட்டேன். உன் சமையலறை ஜன்னலும் மேல் வீட்டு ஜன்னலும் ஒரே இடுக்கைப் பார்த்துத் திறந்து கிடக்கின்றன. நீ பேசினால் மேலே கேட்கும்.

விஷயம் அந்த மேல் வீட்டைப் பற்றியதுதான். ஆனால் அது விளையாட்டில் தொடங்குகிறது. தூக்கிப் போடாமல் படி.

கண் ஆபரேஷனுக்காக உன் வீட்டில் இருந்தபோது, கட்டுப் பிரித்ததும் பொழுது போகாமல் உங்கள் இருவர் உயிரையும் வாங்கினேன் அல்லவா? தொல்லை தாங்காமல் மாப்பிள்ளை அந்தச் சுடுகிற விளையாட்டை டேப்பில் ஏற்றிக் கொடுத்தார். பக்கத்தில் இருந்து விளையாடுகிறவர்கள் என்று அதுவே சில பேரைக் காட்டியது. அவர்தான் ஒரு பெயரை அமுக்கி, "மாமா, இவங்ககூடச் சேர்ந்துக்குங்க, நல்லா ஆடுறாங்க" என்றார். அப்படிச் சேர்ந்தவள்தான் பூனை. அவள் ஆள் எப்போதும் குனிந்து பம்மிப் பம்மித்தான் போகும், அதனால் அந்தப் பெயர். நான் ஊருக்குத் திரும்பிய பிறகும் எங்கள் கூட்டு விடவில்லை. அப்புறம் லாரி ஓட்டுகிறவர் ஒருவர் சேர்ந்தார். அவருடைய தொண்டைக்கு இடி என்று வைத்தோம். நான் பெருசு. பெயர், ஊர் இரண்டையும் யாரும் யாரையும் கேட்கக் கூடாது என்று பூனை முதலிலேயே கேட்டுக்கொண்டாள். கேட்கவில்லை.

மற்றக் கூட்டங்கள் நடு ஆட்டத்தில் எழுதி எழுதிக் காட்டிக்கொள்ளுமாம். எனக்கு எழுத்து ஆகாது என்று நான் மறைக்கவில்லை. இடி, "விடு பெருசு, நான் எழுதினா படிச்சவனுக்கே புரியாது" என்றார். ஆக எல்லாம் வாய்ப்பேச்சு. படத்தில் இருக்கும் இடங்களின் பெயரையும் நான் படிக்க முடியாதே, அதனால் நானே பெயர் வைத்தேன். பல்லுப்போன பாலம், எருமைப் பாறை, மஞ்சள் வீடு. அவர்களும் அதையே சொல்ல ஆரம்பித்துவிட்டார்கள். "பெருசு, உன் எருமைக்குப் பின்னால ரெண்டு பேரு, குனி குனி" என்று பூனை கத்துவாள். நீ கேட்டிருந்தால் எங்கள் மூவரையும் ஆஸ்பத்திரியில் சேர்த்திருப்பாய்.

அவள் தைக்கிறவள். மதியத்தில் மிஷினை ஓட்டிக்கொண்டே நடுவில் ஆடுவாள். வீட்டுக்காரர் உள்ளே வந்தால் பேச்சு பாதியில் அறுந்துவிடும். எழுதினால் எனக்குப் புரியாது என்பதால், நகத்தால் மைக்கில் தட்டுவது என்று பேசி வைத்தோம். மூன்று தட்டு என்றால் அவர் வந்துவிட்டார், யாரும் வாய் திறக்கக் கூடாது. ஒரு தட்டு என்றால் போய்விட்டார், பேசலாம். நாலு தட்டு இடி கண்டுபிடித்தது. எங்கேயாவது ஒருவர் மாட்டிக்கொண்டு இருக்கும்போது, இன்னொருவர் போய்ச் சேர்ந்ததும் தட்டுவது. உன்கிட்ட வந்துட்டேன் என்று அர்த்தம்.

அவர் கெட்டவர் என்று அவள் ஒருநாளும் சொன்னதில்லை. "அவருக்கு எல்லாம் அததுங்க இடத்துல இருக்கணும் பெருசு. கத்தரிக்கோல் கொஞ்சம் தள்ளி இருந்தாக்கூடக் கண்டுபிடிச்சிடுவாரு" என்று சிரித்துக்கொண்டுதான் சொல்வாள். ஒருநாள் இடி, "தள்ளி இருந்தா என்ன பண்ணுவாரு?" என்று கேட்டார். அதற்கு அவள் பேசவும் இல்லை, தட்டவும் இல்லை. நாங்கள் வேறு பேச்சுக்குப் போய்விட்டோம். போயிருக்கக் கூடாது என்று இப்போது தோன்றுகிறது.

மூன்று நாளைக்கு முன்னால், மதியம் ஆடிக்கொண்டிருந்தோம். பூனை மஞ்சள் வீட்டுக்குப் பின்னால் பதுங்கியிருந்தாள். எதிராளிகள் வீட்டைச் சுற்றி நின்றார்கள். அப்போது மூன்று தட்டு வந்தது. இடியும் நானும் வாயை மூடிக்கொண்டோம். அவளுடைய ஆள் சுவரோரமாக அசையாமல் கிடந்தது. வெகு நேரம் அப்படியே கிடந்தது. பிறகு எழுந்து நின்றது. இரண்டு எட்டு நேராக நடந்து சுவரில் முட்டிக்கொண்டு நின்றது.

பூனை திரும்பி வந்துவிட்டாள் என்று நினைத்தேன். ஒரு தட்டு வருகிறதா என்று நான் காத்திருக்கவில்லை, பாப்பா. அவள் இப்படி எழுந்து நின்றால் சுட்டுவிடுவார்களே என்கிற பதற்றம். "கண்ணு, பயப்படாத. அங்கேயே இரு. அவன் இன்னும் பார்க்கல. நான் பின்பக்கமா ஏறி வந்துடுறேன். அவன் தலை திரும்பினதும் நீ வெளிய ஓடி வந்துடு" என்று சொன்னேன். ஆட்டத்தில் தினமும் சொல்கிற பேச்சுதான். நீயே இன்னொரு தடவை படித்துப் பார். ஆட்டம் என்று தெரியாத ஒருவன் காதில் அது எப்படி விழும்?

ஹெட்போன் ஒயரை அவள் வீட்டுக்காரன் பிடுங்கியிருக்கிறான். என் குரல் அவள் வீட்டு நடு அறையில் கேட்டிருக்கிறது. போன் அவள் கையில் இல்லை.

பூனை நேராக நடந்ததே கிடையாது. இத்தனை நாள் பார்த்த எனக்கு, ஆள் நிமிர்ந்து நடந்தபோதே உறைத்திருக்க வேண்டாமா?

அவன் கத்தவில்லை. கத்தியிருந்தால்கூட எனக்கு இவ்வளவு நடுக்கம் வந்திருக்காது. ரொம்ப மரியாதையாக, மெதுவாகக் கேட்டான். "பின்பக்கமா வர்றீங்களா? வாங்க. நான் இங்கதான் இருக்கேன்." தூரத்தில் அவள் குரல், "அது விளையாட்டுங்க, விளையாட்டுங்க" என்றது. தம்பி, நான் பல் போன கிழவன், இது வெறும் ஆட்டம் என்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. பயந்துபோய் டேப்பை அணைத்துக் கவிழ்த்து வைத்துவிட்டேன். பதில் சொல்லாமல் ஓடிப்போன ஆண் குரலாகத்தான் அவன் காதில் நான் நிற்கிறேன்.

துறைமுகத்தில் கிரேனுக்குக் கீழே நின்று குரல் கொடுத்தவன் நான். மேலே உட்கார்ந்திருப்பவனுக்குக் கப்பலின் அடிப்பக்கம் தெரியாது, என் குரல்தான் அவனுக்குக் கண். குரல் நின்றால் சுமை அந்தரத்தில் அப்படியே நிற்க வேண்டும். எந்த மேலதிகாரி தொண்டை கிழியக் கத்தினாலும் அசைக்கக் கூடாது. வேலையில் அதை நான் மீறியதில்லை. விளையாட்டு என்று மீறிவிட்டேன்.

அன்றிலிருந்து அவள் பெயருக்குப் பக்கத்தில் பச்சை விளக்கு எரியவில்லை. பார்த்துப் பார்த்து என் ஆபரேஷன் கண் சிவந்துவிட்டது. சொட்டு மருந்து போடுகிறேன், அதை நினைத்துக் கவலைப்படாதே.

இனி உன் போனுக்கு வருகிறேன். நேற்று நீ சந்தோஷமாகத்தான் பேசினாய். காலை ஷிப்ட் முடித்து வந்தால் மதியம் தூங்க விடாமல் மேல் வீட்டுத் தையல் மிஷின் உயிரை எடுக்கிறது என்று எத்தனையோ முறை என்னிடம் புலம்பியிருக்கிறாய். நேற்று நீ சொன்ன வார்த்தைகளை அப்படியே சொல்கிறேன், எனக்கு ஒன்றும் மறக்காது. "முந்தாநாள் மதியம் மேல ஏதோ பெருசா விழுந்துச்சுப்பா, எங்க ஃபேனே ஆடிப்போச்சு. அதுக்கப்புறம் மிஷின் சத்தமே இல்ல. எவ்வளவு நாளுக்கப்புறம் நல்லாத் தூங்கினேன் தெரியுமா."

கையில் வைத்திருந்த டீயை நான் கீழே வைத்தேன். வைத்தது ஞாபகம் இருக்கிறது, குடித்தது ஞாபகம் இல்லை.

உன் வீட்டில் கண் கட்டோடு படுத்திருந்த நாட்களில் எனக்குக் காது மட்டும்தான் வேலை. தெருக்கோடி மணிக்கூண்டு அடிக்கும்போது கடைசி அடி மட்டும் உடைந்து, தகரத் தட்டு விழுந்த மாதிரிக் கேட்கும். மேலே அந்த மிஷின் நிற்கும்போதெல்லாம் மிதி ஒரு தரம் கீச்சென்று முனகும். இரண்டையும் பிறகு பூனையின் மைக்கில் கேட்டிருக்கிறேன். மிஷின் என்றால் எல்லா மிஷினும் ஒரே மாதிரிதானே என்று விட்டுவிட்டேன். மணியை விட முடியவில்லை. ஒருநாள் நான் ஆடிக்கொண்டிருந்தபோது நீ கூப்பிட்டாய். ஒரு காதில் நீ, மறு காதில் அவள். அந்த உடைந்த அடி இரண்டு காதிலும் சேர்ந்து விழுந்தது. சரி, இவளும் நம் பிள்ளை இருக்கிற ஊர்தான் என்று மனதுக்குள் ஒரு சந்தோஷம். ஊர் கேட்கக் கூடாது என்று பேச்சு வைத்திருந்தோமே, அதனால் அவளிடமும் சொல்லவில்லை, உன்னிடமும் சொல்லவில்லை. உன் தலைக்கு மேலேயே இருக்கிறாள் என்று நேற்று நீ மிஷின் நின்றுவிட்டது என்று சொன்னபோதுதான் எனக்கு உறைத்தது.

நான் தப்பாகக்கூட இருக்கலாம். தப்பாக இருக்கட்டும் என்றுதான் நேற்றிலிருந்து வேண்டிக்கொண்டிருக்கிறேன். அப்படியானால் உனக்கு ஒரு மாடி ஏறி இறங்கிய கால்வலியோடு போயிற்று, என்னைப் பைத்தியக்காரக் கிழவன் என்று ஆயுசுக்கும் சொல்லிக் காட்டலாம்.

மருந்துக்கடைப் பெண் போலீஸுக்குப் போன் போட்டுக் கொடுத்தாள். பேசியவர் பொறுமையாகத்தான் கேட்டார். பெயர் என்ன என்றார், தெரியாது. முகம் பார்த்திருக்கிறீர்களா என்றார், இல்லை. அவர் உங்களுக்கு என்ன உறவு என்றார். கூட ஆடுகிறவள் என்றேன். அந்தப் பக்கம் ஒரு பெருமூச்சு. உன் கட்டிடத்து அடையாளத்தைச் சொன்னேன், குறித்துக்கொண்டதாகச் சொன்னார். ஆள் வந்தார்களா, வரவில்லையா என்று எனக்குத் தெரியாது. அந்தக் கூரைக்குக் கீழே குடியிருக்கிற நீ சொன்னால் அது வேறு.

இடி தானே போகிறேன் என்றுதான் குதித்தார். நான்தான் தடுத்தேன். ஏற்கெனவே ஓர் ஆண் குரலைக் கேட்டுவிட்டு உட்கார்ந்திருக்கிறவன் கதவை இன்னோர் ஆண் பிள்ளை போய்த் தட்டினால், அப்புறம் அவள் என்ன சொல்லி என்ன? பெண்பிள்ளை போக வேண்டும், பக்கத்து வீட்டு ஆளாக இருக்க வேண்டும், சாதாரணமாகப் போகிற காரணத்தோடு போக வேண்டும். எப்படிப் புரட்டிப் பார்த்தாலும் உன்னிடம்தான் வந்து நிற்கிறது.

உன் குளியலறைக் கூரை ஒழுகுகிறது என்று சொல்லிக்கொண்டு போ. உனக்குப் பொய் வராது, முகம் காட்டிக் கொடுத்துவிடும். அதனால் ஒரு துண்டை நிஜமாகவே நனைத்துப் பிழிந்து கையில் பிடித்துக்கொண்டு போ. ஈரத் துணி கையில் இருந்தால் எரிச்சல் தானாக வரும். கதவை அவள் திறந்தால், பேசிக்கொண்டே நிலைச் சட்டத்தில் நகத்தால் நாலு தட்டுத் தட்டு. வேறு ஒன்றும் விளக்காதே. அவள்தான் பூனை என்றால் அவள் முகத்தில் உனக்குத் தெரிந்துவிடும். அவன் திறந்தால் ஒழுகலைப் பற்றி மட்டும் பேசு, ஆனால் வீட்டம்மா இல்லையா, ஒரு துணி தைக்கக் கொடுக்க வேண்டும் என்று கேட்டு, அவளை உன் கண்ணால் பார்க்காமல் திரும்பாதே. உள்ளே கால் வைக்காதே. கதவு திறக்கவே இல்லை என்றால், அல்லது அவள் ஊருக்குப் போயிருக்கிறாள் என்று அவன் சொன்னால், வாக்குவாதம் வேண்டாம். கீழே இறங்கிப் போலீஸைக் கூப்பிடு. ஃபேன் ஆடியதைச் சொல்லு.

தனியாகப் போகாதே. எங்கள் ஆட்டத்தில் ஒருவர் கதவில் நின்றால் இன்னொருவர் படியில் நிற்போம். உன் வீட்டுப் படிக்கட்டுத் திருப்பத்தில், மேலே இருந்து பார்த்தால் தெரியாத இடத்தில் இடி நிற்பார், இந்தக் கடிதத்தைக் கொண்டுவந்தவர்தான் அவர். அந்தக் குரலுக்கு மலை மாதிரி ஆளாக இருப்பார் என்று நானும் நினைத்திருந்தேன். பேச்சை மீறி என் ஊரைச் சொல்லிக் கூப்பிட்டேன், இன்று காலை இங்கே வந்து இறங்கியபோதுதான் பார்க்கிறேன், ஊதினால் பறந்துவிடுவார் போலிருக்கிறார். ஆனாலும் அவர் கத்தினால் தெரு கூடிவிடும், நம்பு. பூனைக்கு ஓர் அக்கா உண்டு என்று அவளே ஒருநாள் சொல்லியிருக்கிறாள். வருகிறேன் என்றால் அங்கே கொண்டுபோய் விட லாரி தெருவில் நிற்கும். வர மாட்டேன் என்றால் கையைப் பிடித்து இழுக்காதே. கீழே கேட்கிற காது ஒன்று இருக்கிறது என்று அவளுக்குத் தெரிந்தால் போதும். அது அவனுக்கும் தெரியட்டும்.

மாப்பிள்ளையிடமும் சொல்லு. நமக்கெதற்கு வம்பு என்பார். அவர் அமுக்கிய பெயர்தான் அது என்று நான் சொன்னதாகச் சொல்லு. தப்பாக எடுத்துக்கொள்ள மாட்டார், நல்ல மனிதர்.

எழுதுகிற பெண் பேனாவை நிறுத்திவிட்டு என்னைப் பார்க்கிறாள். பெற்ற பெண்ணை அந்தக் கதவுக்கு அனுப்புகிறீர்களே தாத்தா, பயமாக இல்லையா என்கிறாள். இதையும் எழுது என்றேன். பயமாக இருக்கிறது, பாப்பா. போகாதே என்று எழுதச் சொல்லி இரண்டு தாளைக் கிழித்துப் போட்டாயிற்று. அடுத்த வீட்டு நாயைக் கட்டிவைத்து அடித்தார்கள் என்று, பள்ளிக்கூடப் பையைத் தோளில் மாட்டிக்கொண்டு அவர்கள் வாசலில் போய் உட்கார்ந்து, அவிழ்த்துவிடும் வரை எழுந்திருக்க மாட்டேன் என்றவள் நீ. அன்று உன்னைத் தரதரவென்று இழுத்து வந்தவன் நான். இன்று நானே போ என்கிறேன். ஊசியைக் கண்டு நடுங்குகிறவர்கள் கையை நீ எப்படிப் பிடிப்பாயோ, அப்படி அவளைப் பிடித்துக்கொள். அதற்குமேல் எனக்குச் சொல்லத் தெரியவில்லை.

பதில் எழுதாதே, எழுதினாலும் படித்துக் காட்ட ஆள் தேட வேண்டும். வேலை முடிந்ததும் எனக்குப் போன் போடு. நான் அடுத்த வீட்டுக்குக்கூடப் போகாமல் உட்கார்ந்திருப்பேன். நாலு தட்டு அவளிடமிருந்து வந்தால் எனக்கு அதுவே போதும், பேச வேண்டியதில்லை.

கடைசிக்கு வைத்திருந்ததைக் கேட்கிறேன். நலமா, பாப்பா? நலமாக இரு. உன் தலைக்கு மேலே அந்த மிஷின் மறுபடி கடகடவென்று ஓட வேண்டும். உன் மதியத் தூக்கம் தினமும் கெட வேண்டும். எரிச்சலில் நீ எனக்குப் போன் போட்டுத் திட்ட வேண்டும், அந்தக் கீச்சென்ற மிதிச் சத்தம் உன் பேச்சுக்குப் பின்னால் எனக்குக் கேட்க வேண்டும். பெற்ற பிள்ளையை இப்படி வாழ்த்துகிற அப்பன் எங்கேயும் இருக்க மாட்டான். ஆனாலும் இதைத்தான் வாழ்த்துகிறேன்.

இப்படிக்கு,
பயத்தோடும் ஆசியோடும்,
உன் அப்பா
(கைநாட்டு)